லைன் வீட்டுக்கு ஏதுங்க வரி ரசீது?

1950 பிப்ரவரி 11, சேலம் சென்ட்ரல் ஜெயிலுக்குள்ள துப்பாக்கிச் சூடு நடந்து 22 கம்யூனிஸ்ட் கைதிங்க செத்தாங்க. குடியரசு ஆகி பதினாறே நாள். அது கொடுமைன்னு இன்னைக்கு யாரும் மறுக்க மாட்டாங்க, ரத்தம் கண்ணுல தெரிஞ்சுது இல்ல. ஆனா ஒரு சொட்டு ரத்தம் இல்லாம பேப்பர்லயே ஒருத்தனை முடக்கிப் போடுறாங்களே, அதைத்தான் நாம கண்டுக்கவே மாட்டேங்குறோம்.

ஏற்காட்டுல காப்பி எஸ்டேட்ல வேலை பாக்குற தெரிஞ்சவர் ஒருத்தர், அவர் பையன் மேல ஒரு சின்ன திருட்டு கேஸ். எந்த கோர்ட்டு எந்த ஜெயிலுன்னு வேணாம். ஜாமீன் கிடைச்சிருச்சு, ஆனா ரெண்டு பேர் ஜாமீன் நிக்கணும், வீட்டு வரி ரசீதோட வரணும்னுட்டாங்க. மூணு தலைமுறையா எஸ்டேட் லைன் வீட்டுல இருக்கிற சனத்துக்கு ரசீது எங்கிருந்துங்க வரும், வீடே முதலாளியோடது! சொந்தக்காரங்க அத்தனை பேரும் அதே லைன்லதான். கோர்ட்டுல போய் பையன் பேரைச் சொன்னா யாருக்கும் தெரியல, கேஸ் நம்பரைச் சொன்னாதான் கேஸ் கட்டை எடுக்குறாங்க. மனுஷன் அதை ரேஷன் கார்டு ஜெராக்ஸுக்குப் பின்னாடி பேனாவுல எழுதி மடிச்சு சட்டைப் பையில வெச்சிருந்தாரு, வேர்வையில கடைசி ரெண்டு நம்பர் அழிஞ்சே போச்சு. அங்க இருந்த குமாஸ்தா நல்ல மனுஷன்தான், உக்கார வெச்சுப் பேசுனாரு, "நான் என்னங்க பண்றது, ரூல் அப்படி"ன்னாரு. எல்லாருமே அப்படித்தான் சொல்றாங்க, எவனும் கெட்டவன் இல்ல, பையன் மட்டும் உள்ள.

"தப்பு பண்ணவன்தானே"ன்னு கமெண்ட்ல வருவீங்க, தெரியும். தப்பு பண்ணானான்னு இன்னும் விசாரிக்கவே இல்லையே அப்பா! 2022 கணக்குப்படி நாட்டுல ஜெயில்ல இருக்கிறவங்கள்ல நாலுக்கு மூணு பேர் விசாரணைக் கைதிங்க. காசு இருக்கிறவன் சாயங்காலமே வீட்டுக்கு வந்து பிரியாணி சாப்பிடுறான்.

இத்தனைக்கும் ஜாமீன் கிடைச்சு ஏழு நாள்ல வெளிய வரலைன்னா ஜெயில் சூப்பிரண்டு மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு (இலவச சட்ட உதவி தர்ற அமைப்பு) சொல்லணும், ஒரு மாசம் ஆகியும் ஜாமீன் நிக்க ஆள் கிடைக்கலைன்னா நிபந்தனையைத் தளர்த்தலாமான்னு கோர்ட்டே தானா பாக்கலாம்னு சுப்ரீம் கோர்ட் 2023-லயே சொல்லியாச்சு. இதை அந்த அப்பாகிட்ட ஒருத்தராவது சொல்லியிருக்கலாம்.

மலை மேல யாருக்காவது இப்படி மாட்டிக்கிட்டா கடன் வாங்கி புரோக்கர்கிட்ட போகாதீங்க, 15100-க்கு போன் போடுங்க, இலவச சட்ட உதவி. வரி ரசீது இல்லைங்கறதை மனுவுலயே எழுதிக் கேளுங்க.