சந்தாவுக்காகவும்தான் அந்தச் சண்டை

ஏப்ரல் 4 வந்தால், 1968இல் அந்த நாளில் கொல்லப்பட்ட அமெரிக்கக் கறுப்பின உரிமைத் தலைவர் மார்ட்டின் லூதர் கிங் படத்தைப் பகிர்கிறோம். அப்போது அவர் அமெரிக்காவின் மெம்ஃபிஸ் ஊருக்கு எதற்காகப் போயிருந்தார் என்று கேட்பவர்கள் குறைவு. குப்பை அள்ளும் தொழிலாளர்களின் வேலைநிறுத்தத்துக்குத் துணை நிற்கப் போயிருந்தார். அதைத் தொடங்கியவர் அவர் இல்லை.

1968 பிப்ரவரி 1, மழை. எக்கோல் கோல், ராபர்ட் வாக்கர் என்ற இரண்டு கறுப்பினத் தொழிலாளர்கள் குப்பை லாரியின் பின்பக்கத்தில் ஒதுங்கினார்கள். குப்பையை அழுத்தும் இயந்திரம் திடீரென்று ஓடி இருவரையும் நசுக்கிக் கொன்றது. அந்த லாரிகள் ஆபத்தானவை என்று தொழிலாளர்கள் முன்பே புகார் சொல்லியிருந்தார்கள். அதற்குச் சற்று முன்னால்தான், மழையைக் காரணம் காட்டி, சாக்கடை வேலை செய்த கறுப்பினத்தவர்களை இரண்டு மணி நேரக் கூலியோடு வீட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். வெள்ளையர்களுக்கு முழுநாள் சம்பளம். பிப்ரவரி 12 அன்று சுமார் 1300 பேர் வேலைக்குப் போகவில்லை.

இது ஒரு வாரக் கோபம் என்று நினைத்தால் டி.ஓ. ஜோன்ஸை மறந்துவிடுகிறோம். அவரும் குப்பை அள்ளியவர்தான். சங்கம் சேர்த்ததற்காக 1963இல் 33 பேரை வேலையைவிட்டு நீக்கினார்கள்; அவரும் அதில் ஒருவர். வேறு பிழைப்பு தேடிப் போகாமல் ஆள் சேர்த்துக்கொண்டே இருந்தார். 1966இல் வேலைநிறுத்தத்துக்கு முயன்றார்கள், நடக்கவில்லை. அப்போதும் அவர் விடவில்லை.

மேயர் ஹென்றி லோப் எதற்கு முரண்டு பிடித்தார் தெரியுமா? சங்கத்தை அங்கீகரிப்பதற்கும், சம்பளத்தில் சங்கச் சந்தா பிடித்தம் செய்வதற்கும். நானும் சில வருடங்கள் சம்பள நாளன்று சந்தா ரசீதுப் புத்தகத்தோடு கேட்டில் நின்றவன் என்பதால் இந்த இடத்தைக் கடக்கவே முடியவில்லை. கொடுத்த சம்பள உயர்வை நாளைக்கு வேறு வழியில் பிடுங்கிக்கொள்ளலாம். மாதாமாதம் சந்தா வரும் சங்கத்தை அப்படிக் கலைத்துவிட முடியாது. அந்த மேயருக்கு இது நன்றாகவே தெரிந்திருந்தது.

தேவாலயங்களில் இரவுக் கூட்டம் போட்டு, காணிக்கை திரட்டித்தான் அந்தக் குடும்பங்கள் பசியைத் தாங்கின. நகரின் கறுப்பின மக்கள் கடைத்தெருவைப் புறக்கணித்தார்கள். "நான் ஒரு மனிதன்" என்ற அட்டையோடு தினமும் ஊர்வலம் போனார்கள். மார்ச் 28 ஊர்வலத்தில் கலவரம் மூண்டது. 16 வயதுச் சிறுவன் ஒருவனைப் போலீஸ் சுட்டுக் கொன்றது. ஒரு வாரத்தில் கிங்கும் சுட்டுக் கொல்லப்பட்டார்.

ஏப்ரல் 16 அன்று ஒப்பந்தம் ஏற்பட்டது. சங்கத்துக்கு அங்கீகாரம், சம்பள உயர்வு இரண்டும் கிடைத்தன. சந்தாவை நகராட்சி நேரடியாகப் பிடிக்காது என்று மேயர் கடைசிவரை பிடிவாதமாக இருந்ததால், தொழிலாளர்களின் கூட்டுறவுக் கடன் சங்கம் வழியாகப் பிடித்துக்கொள்ள ஏற்பாடானது.