பைசோனியா பறவை தின்னும் மரமல்ல

ஒருவர், “பைசோனியா மரம் பறவைகளைப் பிடித்துத் தின்கிறது, செத்த உடல்தான் அதன் உரம்” என்று எழுதியிருக்கிறார். பாதி உண்மைதான், ஆனால் தவறான பாதியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது.

பறவைகள் சாவது உண்மை. பைசோனியா கிராண்டிஸ் என்ற இந்த மரம் இந்திய, பசிபிக் பெருங்கடல் பவளத் தீவுகளில் வளர்வது. காய் விரற்கடை நீளம்கூட வராது, அதன் மேல் வரிசையாகப் பிசின் கசியும் முட்கள். கொத்தாக இறகில் ஒட்டிக்கொண்டால் சின்னப் பறவையால் பறக்க முடியாது.

சரி, மரத்துக்கு அதனால் என்ன லாபம்? இந்தியப் பெருங்கடலின் செஷல்ஸ் நாட்டுக் கசின் தீவில் ஆலன் பர்கர் என்ற ஆய்வாளர் இதை ஆராய்ந்து 2005இல் வெளியிட்டார். பிணத்தருகே விழுந்த விதைகளுக்குத் தனி நன்மை எதுவும் தெரியவில்லை. செத்த பறவை விதையை வேறு தீவுக்குக் கொண்டுபோகவும் முடியாதே! சில காய்களோடு பறவை உயிருடன் பறப்பதுதான் மரத்துக்குத் தேவை. சாவு, அளவுக்கு மீறி ஒட்டியதால் வரும் விபத்து.

உரம் வேண்டுமென்றால் பறவைகள் போடும் எச்சமே போதும். ஆஸ்திரேலியாவின் ஹெரான் தீவில் கறுப்பு நாடி என்ற ஆலா இனக் கடற்பறவை, உதிர்ந்த பைசோனியா இலைகளை எச்சத்தால் ஒட்டி அதே மரத்தில் கூடு கட்டுகிறது.

அப்புறம், நம் வீடுகளில் இருக்கும் லச்சைக்கெட்ட கீரையும் இந்த இனம்தான். அதைப் பார்த்துப் பயந்து வெட்டிவிடாதீர்கள்.