கெக் நட்சத்திரம் பார்க்காது

மூன்று நாளாக வாயை மூடிக்கொண்டுதான் இருந்தேன். நேற்று ராத்திரி, ஸ்டார்டியூ வேலி என்கிற விவசாய வீடியோ கேமில் நான் எடுத்த அந்த ஸ்கிரீன்ஷாட் இன்னொரு குரூப்பிலும் சுற்றுகிறது என்று தோழி அனுப்பினாள். மேலே "இப்படி ஆடாதீங்க மக்களே" என்று தலைப்பு வேறு. என் பூசணி, என் பெட்டி. பண்ணைப் பெயரைக்கூட மறைக்கவில்லை.

நடந்தது உங்களில் பலருக்குத் தெரியும், தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. கேமில் இரண்டாம் வருஷம் ஃபால் என்கிற இலையுதிர் சீசனில் 36 பூசணி போட்டேன். தரத்தைக் காட்டும் நட்சத்திரத்தில் 22 தங்கம், 10 வெள்ளி, நட்சத்திரமில்லாத சாதா 4. சந்தோஷத்தில் படம் போட்டேன். அவ்வளவுதான் நான் செய்த குற்றம்.

குரூப்பில் ஓர் அண்ணன் வந்தார். கணக்கோடு வந்தார். சாதாப் பூசணி 320, வெள்ளி 400, தங்கம் 480. ஆக உன் மொத்த வரவு 15,840. காயை ஜூஸாக்கும் கெக் என்ற பீப்பாயில் போட்டிருந்தால் ஒரு ஜூஸ் 720, 36-க்கு 25,920. "10,080 காசை மண்ணில் கொட்டிவிட்டு அதுக்கு ஒரு போட்டோ வேற." பின்னால் கண்ணீர் வரச் சிரிக்கும் பொம்மை மூன்று. "கெக் நட்சத்திரம் பார்க்காது சிஸ்டர், உரத்துக்குச் செலவு பண்றதே வேஸ்ட்."

கணக்கு சரி. அதை நான் மறுக்கவே இல்லை. கெக்கில் தங்கத்தைப் போட்டாலும் சாதாவைப் போட்டாலும் வருவது ஒரே ஜூஸ்தான். எனக்கும் தெரியும். டில்லர் என்ற தொழில் திறனை எடுத்தவர்களுக்கு விளைச்சலின் விலையில் 10 சதவீதம் கூட வரும், அதை அண்ணன் வசதியாக விட்டுவிட்டார். போகட்டும். 36 கெக் என்னிடம் இருக்கிறதா என்று ஒரு வார்த்தை கேட்டாரா? ஒரு கெக்குக்கு 30 மரக்கட்டை, ஒரு செம்புக் கட்டி, ஒரு இரும்புக் கட்டி, ஒரு ஓக் பிசின். அந்த ஓக் பிசின் ஒரு மரத்தில் ஊறி வர ஒரு வாரம்போல ஆகும். என்னிடம் இருப்பது ஆறு கெக். அதிலும் ஒன்று போன சீசனிலிருந்து ஏதோ ஒயினோடு காட்டோரம் கிடக்கிறது, எடுக்க மறந்துவிட்டேன்.

ஆனால் நான் சொல்ல வந்தது அதுவும் இல்லை. கெக் நட்சத்திரம் பார்க்காது, சரி. கெக் மட்டும்தானா அந்த ஊரில் இருக்கிறது?

ஊரின் பாழடைந்த கம்யூனிட்டி சென்டரைச் சீராக்க ஜூனிமோ என்ற குட்டி ஆவிகள் கேட்கும் பொருள் தொகுப்புகளில், குவாலிட்டி கிராப்ஸ் பண்டில் என்று ஒன்று உண்டு. பார்ஸ்னிப், மெலன், பூசணி, சோளம், நான்கில் எதையாவது மூன்று. ஒவ்வொன்றிலும் ஐந்து ஐந்து, ஐந்தும் தங்கம். முதல் வருஷம் எனக்குப் பார்ஸ்னிப் முடிந்தது, சோளம் முடிந்தது. மெலனைச் சம்மரில் கோட்டைவிட்டேன். கடைசி நம்பிக்கை பூசணி. உரம் போடாமல் விதைத்திருந்தேன். உரம் வேஸ்ட் என்று அப்போதும் யாரோ சொல்லியிருந்தார்கள். அறுத்தபோது தங்கம் நான்கு. நான்கே நான்கு. ஃபால் 28 ராத்திரி அந்த நான்கையும் பெட்டியில் வைத்துவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தது இன்னும் நினைவிருக்கிறது. மறுநாள் விண்டர். அந்தப் பண்டில் சேர்ந்த பான்ட்ரி அறை முடியவில்லை, அதற்குப் பரிசாக வரும் கிரீன்ஹவுஸ் இல்லை, வெளியே பனி. ஒரு பூசணிக்காக ஒரு குளிர்காலம் முழுக்கப் போயிற்று. அங்கே போய் ஒரு பாட்டில் ஜூஸை நீட்டிப் பாருங்கள் அண்ணே, ஜூனிமோ வாங்குகிறதா என்று.

அதனால்தான் இந்த வருஷம் உரம். தினமும் மலைப்பக்கத்து ஏரிக்குப் போய், எவரும் சீண்டாத கார்ப் மீனைப் பிடித்து, மரம் வெட்டிச் சேர்த்த பிசினோடு கலந்து குவாலிட்டி ஃபெர்டிலைசர் செய்தேன். ஃபார்மிங் லெவல் 9 வந்த பிறகுதான் அந்த ரெசிப்பியே கிடைக்கும். விதை முளைத்துவிட்டால் போட முடியாது, முன்னாடியே போட்டாக வேண்டும். லெவல் 10-இல் உரமில்லாமல் விதைத்தால் தங்கம் விழ வாய்ப்பு 21 சதவீதம். சாதா உரத்தோடு 41. குவாலிட்டி உரத்தோடு 61. என் 36-இல் 22 என்பது சரியாக அந்தக் கணக்குதான். நானும் கணக்குப் போட்டுத்தான் விதைத்தேன். என்ன, என் கணக்கின் கடைசி வரியில் காசு இல்லை. அதுதான் அவருக்குப் புரியவில்லை.

"சரி, பண்டில் முடிஞ்சாச்சு, அப்புறம் எதுக்கு?" என்று கேட்பீர்கள். கேட்டும்விட்டார்கள். ஊர் மீன்காரர் வில்லிக்குப் பூசணி என்றால் உயிர். சாக்கடையில் குடியிருக்கும் க்ரோபஸுக்கும் அப்படியே. தங்கம் கொடுத்தால் நட்பு கால் மடங்கு கூடுதலாக ஏறும். சம்மர் 11-இல் ஊரே ஒரு பானையில் சூப் வைக்கிறது, அதில் நீங்கள் போடும் காய் எவ்வளவு நல்லதோ அதற்கேற்பத்தான் கவர்னர் முகம். இந்த விளையாட்டை உருவாக்கிய எரிக் பரோன் நாலரை வருஷம் தனியாளாக உட்கார்ந்து படம், இசை, கதை எல்லாம் செய்து 2016-இல் வெளியிட்டவர். காசு மட்டும்தான் முக்கியம் என்றால் அந்த மனிதர் நட்சத்திரத்தையே வைத்திருக்க மாட்டாரே? கெக் ஒன்றை மட்டும் வைத்துவிட்டுத் தூங்கப் போயிருப்பார்.

"வெறும் கேம்தானே, இவ்வளவு சீரியஸா?" என்று இன்னொருவர். வெறும் கேம் என்றால் எனக்கு 10,080 நஷ்டம் என்று கால்குலேட்டரைத் தூக்கிக்கொண்டு வந்தது யார்? இதற்கு மேல் அவருக்குப் பதில் இல்லை.

அடுத்ததுதான் மூன்று நாளாகத் தொண்டையில் நிற்கிறது. "நெசத்துல ஒரு செடி வளர்க்கத் துப்பில்ல, கம்ப்யூட்டர்ல உரம் வைக்குதுங்க." எழுதியவர் பெயர் வேண்டாம். 114 லைக். அதில் என் நண்பர்கள் நான்கு பேர். பார்த்தேன். பார்த்துவிட்டேன் என்று அவர்களுக்கும் தெரியட்டும்.

நான் தக்காளி வீட்டுப் பெண். திண்டுக்கல் பக்கம் ஒன்றரை ஏக்கர், கிணற்றுப் பாசனம். அப்பா நாற்று நட்டதிலிருந்து கொடிக்கு ஊன்று கம்பு கட்டுவது வரை ஆள் வைத்தால்கூடப் பின்னாலேயே நிற்பார். காய்ப்புழு விழுந்த காயைக் கையால் பொறுக்குவார். பறித்ததும் திண்ணையில் சாக்கை விரித்து நானும் அம்மாவும் தரம் பிரிப்போம். பெருசு தனி, பொடி தனி, வெடித்தது வீட்டுக்கு. பெட்டியில் மேலே நல்லதை அடுக்கிக் கீழே பொடியைத் தள்ளுவது எல்லாரும் செய்வதுதான். அப்பா செய்ய மாட்டார். அடிவரைக்கும் ஒரே பழம். என் உள்ளங்கை அளவு, காம்போரம் லேசாகப் பச்சை நின்றிருக்கும், மண்டி போய்ச் சேரும்போது சரியாகப் பழுக்கிற மாதிரி.

எட்டாவது படிக்கும்போது ஒரு நாள் நானும் கூடப் போனேன். கமிஷன் கடைக்காரர் பெட்டியைக் குனிந்துகூடப் பார்க்கவில்லை. "இன்னைக்கு வரத்து ஜாஸ்தி" என்றார். பக்கத்தில் அடியெல்லாம் பொடியாக இருந்த பெட்டிக்கு என்ன விலையோ அதேதான் எங்களுக்கும். "ண்ணே, ஒருதடவ கொட்டிப் பாருங்க" என்றார் அப்பா. "கொட்டிப் பார்த்தா மட்டும் வெல கூடுமாய்யா" என்று அவர் அடுத்த வண்டிக்குப் போய்விட்டார். அப்பா ஒன்றும் சொல்லவில்லை. திரும்பி வருகிற வழியில் எனக்கு ஒரு பன்னும் டீயும் வாங்கிக் கொடுத்தார். அவர் குடிக்கவில்லை.

அடுத்த பறிப்புக்கும் திண்ணையில் சாக்கு விரித்தார். அடுத்ததற்கும். அம்மா திட்டுவாள், "யாரு பாக்கப் போறாங்கன்னு இந்தப் பாடு". அதே கேள்விதான் இல்லையா? கெக் நட்சத்திரம் பார்க்காது சிஸ்டர். தெரியும் அண்ணே. உங்களுக்கு முன்னாடியே தெரியும்.

இப்போது நிலம் குத்தகைக்குப் போய்விட்டது. அப்பா என்னோடுதான் இருக்கிறார். முட்டி வலி. ராத்திரி நான் ஆடும்போது பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து பார்ப்பார், கேட்க ஆயிரம் கேள்வி இருக்கும். "களையே வராதா?" "தண்ணி பாய்ச்ச வாய்க்கால் எங்க?" ஸ்பிரிங்க்ளரைக் காட்டினேன், உதட்டைப் பிதுக்கினார். அன்றைக்குப் பூசணியை ஒவ்வொன்றாக அறுக்கும்போது கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு குனிந்தார்.

"அது என்ன மூலையில மஞ்சளா?"

"முதல் தரம்ப்பா."

"வெல வித்தியாசம் உண்டா?"

"உண்டு. ஒன்றரை மடங்கு."

"ஏலம் யாரு விடுறா?"

"ஏலமே இல்லப்பா. ராத்திரி இந்தப் பெட்டில போட்டுட்டுப் படுத்தா காலைல காசு வந்துரும்."

"கமிஷனு?"

"கிடையாது."

கொஞ்ச நேரம் திரையையே பார்த்தார். "அப்ப கேமுதான்" என்றார். ஆனாலும் எழுந்து போகவில்லை. கடைசிப் பூசணி அறுக்கும்வரை இருந்து, "இருபத்திரெண்டு" என்று எண்ணிச் சொன்னதே அவர்தான். அந்தப் படத்தைத்தான் நான் போட்டேன். அதைத்தான் மூன்று பொம்மை போட்டுச் சிரித்தீர்கள்.

"எங்களுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்" என்று சிலர் இன்பாக்ஸில் வந்து சமாதானம் சொல்கிறீர்கள். தெரியாதுதான். தெரியாதபோது சும்மா கடந்து போகலாமே! உங்களிடம் கோடிக்கணக்கில் காசு இருக்கிறது, கொட்டகை கொட்டகையாகக் கெக் இருக்கிறது. நன்றாக இருங்கள். பொறாமை என்று எழுதுவீர்கள், எழுதுங்கள். நான் உங்கள் பண்ணைக்கு வந்து "ஏன் இத்தனை கெக்" என்று கேட்டதே இல்லை. அவ்வளவு கெக்குக்கு நடுவில் நடக்க வழி இருக்கிறதா என்று மட்டும் ஒருமுறை நினைத்ததுண்டு.

இன்னொன்று. அந்த நான்கு நண்பர்கள் லைக்கை எடுத்துவிட்டால் நான் கவனிக்கவில்லை என்று வைத்துக்கொள்கிறேன்.

நிற்க. என் பண்ணையில் நாளைக்கு ஃபால் 16, ஊர்க் கண்காட்சியான ஃபேர். ஒன்பது பொருள் அடுக்க வேண்டும், மேயர் லூயிஸ் ஒவ்வொன்றாகப் பார்த்து மார்க் போடுவார். தரத்துக்கும் மார்க் உண்டு அண்ணே, அங்கே நட்சத்திரம் பார்ப்பார்கள். தங்க நட்சத்திரப் பூசணி, தங்க நட்சத்திர முட்டை, ஒரு சால்மன், ஒரு வைரம், காட்டில் பொறுக்கிய ஹேசல்நட், கிரான்பெர்ரி, சமைத்ததில் ஒன்று, ஆர்ட்டிசன் வகைக்குத் தங்க நட்சத்திரச் சீஸ். எட்டு ஆயிற்று. ஒன்பதாவதாக என்ன வைக்கலாம் என்று சொல்லுங்கள். அப்பா இன்னொரு பூசணி வை என்கிறார். ஜூஸ் என்று யாரும் வராதீர்கள்.