தடத்துக்கும் பட்டாவுக்கும் என்னய்யா சம்பந்தம்?

பட்டா மாறுதல் மனு என்ன ஆச்சு என்று இணையத்தில் பார்த்தால் ஒரே வரி: “வழித்தடப் பிரச்சினை உள்ளதால் தள்ளுபடி.” எந்தச் சட்டம், எந்த விதி, ஒரு எழுத்து கிடையாது.

அப்பாவும் பெரியப்பாவும் கூட்டுப் பட்டாவில் வைத்திருந்த பூமி. பாகம் பிரித்து, பத்திரமும் பதிந்தாயிற்று. தார் ரோட்டை ஒட்டிய முன்பாகம் பெரியப்பாவுக்கு, கிணறு இருக்கும் பின்பாகம் அப்பாவுக்கு. சொத்து விவரத்தின் கடைசியில் “வண்டி வாகனம், ஆள், கால்நடை போக வர மாமூல் வழித்தட பாத்தியமும்” என்று, அதாவது முன்பாகம் வழியே வழக்கம்போல் போய்வரும் உரிமை எங்களுக்கு உண்டு என்று, பளிச்சென்று எழுதியிருக்கிறது. பெரியப்பா வீட்டில் முன்பாகத்தை ஒரு வெளியூர்க்காரருக்கு விற்றார்கள். கிரயம் முடிந்த கையோடு கூட்டுப் பட்டாவில் அவர் பேர் ஏறிவிட்டது. அடுத்து கல்லுக்கால் நட்டார், கம்பி வேலி போட்டார், கேட்டுக்குப் பூட்டும் போட்டார். இந்த வருஷம் மஞ்சள் மூட்டையை ஆள் வைத்துத் தலைச்சுமையாக, பக்கத்துத் தோட்டத்து வரப்பில் ரோட்டுக்குக் கொண்டு வந்தோம். அந்தத் தோட்டத்துக்காரர் நல்ல மனுஷன், ஒன்றும் சொல்லவில்லை.

சரி, தடச் சண்டை தனி. அதைக் கோர்ட்டில் பார்த்துக்கொள்கிறோம். பின்பாகத்தை உட்பிரிவு செய்து அப்பா பேருக்குத் தனிப் பட்டா கொடுங்கள் என்று கேட்டால், அந்த ஆள் ஒரு ஆட்சேபணை மனு கொடுக்கிறார். அதையும் வாங்கிப் படித்தேன். எங்கள் நிலத்தில் ஒரு சென்ட் தனக்குச் சொந்தம் என்று எங்கேயும் சொல்லவில்லை. பாகப்பிரிவினை செல்லாது என்றும் சொல்லவில்லை. என் நிலத்தில் இவர்கள் நடக்கக்கூடாது, அவ்வளவுதான் மனு. இதில் பட்டாவை நிறுத்த என்ன இருக்கிறது? பட்டா யார் நிலம் என்று சொல்லும் காகிதம். அந்த நிலத்துக்கு எப்படிப் போகிறோம் என்பது வேறு கேள்வி.

1983-ம் வருஷத்துப் பட்டா பாஸ்புத்தகச் சட்டத்தின் கீழ் விதிகள் இருக்கின்றன. நிலத்தின் உரிமை பற்றி வழக்கு நடந்துகொண்டிருந்தால், அல்லது வாரிசுச் சிக்கல் கிளம்பி சம்பந்தப்பட்ட எல்லாரும் எழுத்தில் ஒத்துக்கொள்ளாவிட்டால், சிவில் கோர்ட்டுக்குப் போய் உரிமையைத் தீர்த்துக்கொண்டு வா என்று வட்டாட்சியர் சொல்லலாம். கவனியுங்கள், உரிமை பற்றி. முள்ளு வெட்டிப் போட்டுத் தடத்தை மறித்தால் உரிமை மாறிவிடுமா?

இதில் சர்வேயர் வந்த கதை தனி. டேப்பும் புலப்படமும் கையில். பூட்டிய கேட்டுக்கு அந்தப் பக்கம் அந்த ஆள் சாவியை விரலில் சுற்றிக்கொண்டே, “யாரும் உள்ளே வரக்கூடாதுங்க” என்கிறார். சர்வேயர் வண்டியை விட்டு இறங்கவே இல்லை. பெட்ரோல் டேங்க் மேல் தாளை வைத்து “ஆட்சேபணை காரணமாக அளவீடு செய்ய இயலவில்லை” என்று எழுதிவிட்டுக் கிளம்பிவிட்டார். நிலத்துக்குள் நுழைந்து அளக்க 1923-ம் வருஷத்து நில அளவை எல்லைகள் சட்டம் இவருக்கு அதிகாரம் கொடுத்து நூறு வருஷம் ஆச்சு. பூட்டைப் பார்த்ததும் அது மறந்துபோச்சு போல.

வக்கீலிடம் போனால் அவர் கேட்ட முதல் கேள்வி, “பட்டா உங்கப்பா பேர்ல இருக்குதா?” கோர்ட்டில் முடித்துக்கொண்டு வா, பட்டா தருகிறேன் என்கிறது ஆபீஸ். பட்டா இருந்தால் கேஸ் நன்றாக நிற்கும் என்கிறார் வக்கீல். பட்டா மட்டும் உரிமை ஆவணம் ஆகாது என்று கோர்ட்டுகள் எத்தனையோ தீர்ப்பில் சொல்லியிருக்கின்றன. ஆனால் கூட்டுறவு சங்கத்தில் பயிர்க்கடன் கேட்டால் பட்டா விவரம் காட்டும் சிட்டா, பயிர் விவரம் காட்டும் அடங்கல் எங்கே என்கிறார்கள். கிணற்று மோட்டார் இணைப்புக்குப் பேர் மாற்றப் போனால் அங்கேயும் அதே கேள்வி.

தட வழக்கில் எங்கள் பக்கம் பலம் இல்லாமலும் இல்லை. 1882-ம் வருஷத்து வசதியுரிமைச் சட்டம் 13-வது பிரிவு, கூட்டுச் சொத்தைப் பாகம் பிரிக்கும்போது ஒருவர் பாகத்தை அனுபவிக்க இன்னொருவர் பாகத்தில் வழி அவசியம் என்றால் அந்த உரிமை உண்டு என்கிறது. அதற்கு மேல் பத்திரத்து வாசகமே இருக்கிறது. ஆனால் சிவில் கேஸ் எத்தனை வருஷம் இழுக்கும் என்று ஊருக்கே தெரியும். அதுவரை அப்பா பேர் அந்தக் கூட்டுப் பட்டாவில், தடத்தை மறித்தவர் பேருக்குப் பக்கத்திலேயே கிடக்க வேண்டுமா?

கலெக்டர் ஆபீஸ் திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்திலும் மனு கொடுத்தோம். ரசீது தந்தார்கள். அந்த மனு மேலிருந்து கீழே இறங்கி, கடைசியில் எங்களைத் தள்ளுபடி செய்த அதே மேஜைக்கே “தக்க நடவடிக்கைக்காக” வந்து சேர்ந்தது. அந்த மேஜையிலிருந்து பதில் என்ன வரும்? அதே ஒரு வரி!

நான் கேட்பது சலுகை இல்லை. தள்ளுபடி செய்கிறீர்களா, தாராளமாகச் செய்யுங்கள். எந்த விதியில் செய்கிறீர்கள் என்று முழு உத்தரவாக எழுதி, கையெழுத்துப் போட்டு, சீல் வைத்துக் கொடுங்கள். கோட்டாட்சியரிடம் மேல்முறையீட்டுக்கு அதை வைத்துத்தான் போக வேண்டும், அங்கேயும் ஆகாவிட்டால் மாவட்ட வருவாய் அலுவலர் வரைக்கும். அந்த ஒரு தாளைத் தருவதற்கும் ஏன் இத்தனை தயக்கம்?