முடிவை மாற்றச் சொன்னார்கள், அவர் மாற்றவில்லை

பதிமூன்று, பதினாலு வயசுப் பிள்ளைக்குப் படிக்க ஏதாவது சொல்லுங்கள் என்று கேட்பவர்கள், அடுத்த மூச்சிலேயே "மனசு கெடாத மாதிரி இருக்கணும்" என்பார்கள். பெற்றவர்களுக்கு அந்தப் பயம் இருக்கத்தான் செய்யும். எனக்கோ அப்போதெல்லாம் அமெரிக்க நாவலாசிரியர் ராபர்ட் கார்மியர்தான் ஞாபகத்துக்கு வருவார். பிள்ளைகளின் மனசைக் கெடுக்கிறார் என்று அமெரிக்காவில் இவர் வாங்கிய திட்டு கொஞ்சநஞ்சமல்ல. அந்த வயசுக்காரர்களை இவர் அளவுக்கு மதித்து எழுதியவர்கள் ரொம்பக் குறைவு என்பது என் கட்சி.

1925இல் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் லெமின்ஸ்டரில் பிறந்தவர். சீப்புத் தொழிற்சாலைகளுக்குப் பேர்போன ஊர். கனடாவிலிருந்து பிழைக்க வந்த பிரெஞ்சுக் குடும்பங்கள் பிரெஞ்ச் ஹில் என்ற பகுதியில் நெருக்கிக்கொண்டு வாழ்ந்தன. அப்பா தொழிற்சாலைத் தொழிலாளி. எட்டுப் பிள்ளைகளில் இவர் இரண்டாவது. கல்லூரியில் இவர் எழுதிய ஒரு கதையை ஆசிரியை ஒருவர் இவரிடம் சொல்லாமலேயே ஒரு பத்திரிகைக்கு அனுப்பிவைக்க, அது 75 டாலருக்கு விலைபோனது. அப்புறம் வானொலிக்கு விளம்பர வாசகம் எழுதும் வேலை, அதன்பின் பத்திரிகை வேலை. 1955 முதல் 1978 வரை பக்கத்து ஊரின் ஃபிட்ச்பர்க் சென்டினல் நாளிதழில் இருந்தார். லெமின்ஸ்டரை விட்டுப் போகவே இல்லை. கதைகளில் மட்டும் அந்த ஊருக்கு மான்யுமென்ட் என்று பேர் மாற்றிக்கொண்டார்.

பதின்வயதினருக்கென்று எழுத அவர் உட்காரவே இல்லை. 1960இல் வந்த முதல் நாவல், புற்றுநோயில் செத்துக்கொண்டிருக்கும் ஒரு தொழிலாளியைப் பற்றியது. அப்பாவின் மரணத்திலிருந்து பிறந்த கதை. அடுத்த இரண்டு நாவல்களும் பெரியவர்களுக்கானவைதான். விமர்சகர்கள் பாராட்டினார்கள், பெரிதாக விற்கவில்லை.

திருப்பம் வீட்டிலிருந்து வந்தது. பள்ளிக்கு நிதி திரட்ட விற்கவேண்டிய சாக்லேட்டுகளோடு மகன் பீட்டர் ஒருநாள் வந்து நின்றான். நம் ஊரில் கொடி நாள் உண்டியலைப் பிள்ளை கையில் கொடுத்து அனுப்புவார்களே, அந்த ரகம். எனக்கு விற்க இஷ்டமில்லை என்றான் பையன். அப்பாவும் சரி என்றுவிட்டார். மறுநாள் தலைமையாசிரியருக்கு ஒரு கடிதம் எழுதிக் கொடுத்து, சாக்லேட்டைத் திருப்பி அனுப்பினார். ஒன்றும் நடக்கவில்லை, விஷயம் அதோடு முடிந்தது. ஆனால் பையனைப் பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டு வந்த அப்பாவுக்குள் ஒரு கேள்வி கிளம்பிவிட்டது: ஒருவேளை அந்தப் பள்ளி சும்மா விடாமல் இருந்திருந்தால்?

1974இல் வந்த 'தி சாக்லேட் வார்' அந்தக் கேள்வியின் பதில்தான். டிரினிட்டி என்ற கத்தோலிக்க ஆண்கள் பள்ளி. தலைமைப் பொறுப்பைத் தற்காலிகமாகப் பார்க்கும் பிரதர் லியோன் 20,000 பெட்டி சாக்லேட்டைக் கொள்முதல் செய்துவிடுகிறார். ஆளுக்கு 50 பெட்டி, பெட்டி இரண்டு டாலர். இரண்டுமே போன வருஷத்தைப்போல இரண்டு மடங்கு. பள்ளிக்குள் ஒரு ரகசிய மாணவர் கும்பல் உண்டு. அதன் மூளை ஆர்ச்சி என்ற பையன். அம்மாவை இழந்து அப்பாவோடு இருக்கும் புதுமாணவன் ஜெர்ரியிடம், பத்து நாளைக்கு விற்க மாட்டேன் என்று சொல் என ஆணையிடுகிறான். ஜெர்ரி சொல்கிறான். தினமும் வகுப்பில் பேர் கூப்பிடும்போது எழுந்து "மாட்டேன்". பதினோராவது நாள் ஆணை முடிந்துவிட்டது. பேர் கூப்பிடுகிறார்கள். அன்றைக்கும் "மாட்டேன்" என்கிறான், இந்தத் தடவை தானாகவே. ஏன் அப்படிச் சொன்னோம் என்று அவனுக்கே தெரியவில்லை. நாவலின் உயிர் அந்த இடத்தில்தான் இருக்கிறது. வேறு யாராவது எழுதியிருந்தால் அங்கே ஒரு வீர வசனம் வந்திருக்கும்.

அதன்பின் கும்பலும் பிரதரும் ஒரே பக்கம் சேர்ந்துகொள்கிறார்கள். பையன் உதைபடுகிறான், தோற்றுப்போகிறான். கடைசியில் நண்பனிடம், எதிர்த்து நிற்காதே, அவர்கள் சொல்கிறதைச் செய்துவிட்டுப் போ என்று சொல்ல நினைக்கிறான். கெட்டவர்கள் யாருக்கும் தண்டனை கிடையாது.

கைப்பிரதியைப் பல பதிப்பகங்கள் திருப்பி அனுப்பின. முடிவை மட்டும் மாற்றிக்கொடுத்தால் நல்ல தொகை தருகிறோம் என்றும் ஓர் இடத்தில் சொன்னார்கள். நாலு பிள்ளைகள், உள்ளூர்ப் பத்திரிகைச் சம்பளம். ஆனாலும் மாட்டேன் என்றுவிட்டார். கடைசியில் பாந்தியன் பதிப்பகம் அப்படியே போட்டது. நூலகர்களின் 'புக்லிஸ்ட்' இதழ் தன் விமர்சனத்தைச் சாவு அறிவிப்பு மாதிரி கறுப்புக் கட்டம் கட்டி வெளியிட்டது! நம்பிக்கையே இல்லாத புத்தகத்தைப் பிள்ளைகளுக்குக் கொடுக்கலாமா என்ற சண்டை அன்றைக்கு ஆரம்பித்தது. அமெரிக்க நூலகச் சங்கம் தொகுத்த, அதிக எதிர்ப்பைச் சந்தித்த நூல்களின் பட்டியலில் 1990களில் இதற்கு நான்காம் இடம், அடுத்த பத்தாண்டில் மூன்றாம் இடம்.

இவ்வளவு இருட்டாக எழுதிய மனிதர் எப்படி இருந்திருப்பார்? சிடுமூஞ்சியாகக் கற்பனை செய்தால் ஏமாந்துபோவீர்கள். 1977இல் 'ஐ ஆம் தி சீஸ்' வந்தது. அப்பாவைப் பார்க்க சைக்கிளில் கிளம்பும் ஆடம் என்ற பையனின் கதை. அவன் ஏமி என்ற தோழிக்குப் போன் செய்வான். அந்த இடத்தில் கார்மியர் தன் வீட்டு நம்பரையே போட்டுவிட்டார். எங்கெங்கிருந்தோ பிள்ளைகள் கூப்பிட ஆரம்பித்தார்கள். ஏமி இருக்கிறாளா என்று கேட்டால், நான் அவள் அப்பா பேசுகிறேன் என்பாராம். மகள்கள் எடுத்தால் அவர்களே ஏமியாகிவிடுவார்கள். நம்பரை மாற்றிக்கொள்ளாமல் வருஷக்கணக்கில் பேசியிருக்கிறார்.

நம்பிக்கை தராத எழுத்தாளர் என்பவர்களிடம் நான் இதைத்தான் சொல்வேன். பதினாலு வயசில் வகுப்பில் அடாவடிப் பையனிடம் மாட்டிக்கொண்ட பிள்ளைக்கு, நியாயம் ஜெயிக்கும் என்று எழுதி நீட்டினால் நம்ப மாட்டான். அவனுக்கு உண்மை தெரியும். உனக்கு நடப்பது எனக்கும் தெரியும் என்று ஒரு பெரியவர் சொல்வதே அவனுக்குப் பெரிய ஆறுதல். கார்மியர் எழுத்திலும் சொன்னார், போனிலும் சொன்னார்.

1986இல் ஃபுளோரிடாவின் பனாமா சிட்டியில், பெற்றோர் ஒருவரின் புகாரால் 'ஐ ஆம் தி சீஸ்' வகுப்பிலிருந்து எடுக்கப்பட்டது. தடையை எதிர்த்து ஆசிரியர்கள், பெற்றோர்களோடு மாணவர்களும் நீதிமன்றம் போனார்கள். அந்தப் பிள்ளைகளின் மனசு கெட்டுப்போனதாக எனக்குத் தெரியவில்லை.

குறையே இல்லையா என்றால், உண்டு. பெண்பிள்ளைகள் அவர் கதைகளில் பெரும்பாலும் ஓரத்தில்தான் நிற்பார்கள். 1985இல் எழுதிய 'சாக்லேட் வார்' இரண்டாம் பாகம் எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. முதல் புத்தகம் சொல்லாமல் விட்டதையெல்லாம் இது விளக்கிக்கொண்டிருக்கிறது. இன்னொரு வேடிக்கை, எழுத்தில் மாற்ற மறுத்த முடிவை 1988இல் வந்த சினிமா மாற்றிவிட்டது.

2000 நவம்பரில் இறந்தார். அவருடைய 'தி ராக் அண்ட் போன் ஷாப்' நாவல் அடுத்த வருஷம் வந்தது. செய்யாத கொலையை ஒப்புக்கொள்ளும்படி பன்னிரண்டு வயசுப் பையனைப் பேசிப் பேசியே மடக்கும் விசாரணை அதிகாரியின் கதை. சின்னப் புத்தகம்தான், படித்து முடிக்க மனத்திடம் வேண்டும்.

வீட்டில் படிக்கிற பிள்ளை இருந்தால் 'சாக்லேட் வார்' கொடுங்கள், பதினாலுக்கு மேல். முதலில் நீங்கள் படித்துவிடுங்கள், ஏனென்றால் முடித்ததும் உங்களிடம் வந்து சண்டை போடுவார்கள். 'ஐ ஆம் தி சீஸ்' அடுத்தது. 'டெண்டர்னஸ்' மட்டும் கொஞ்ச வருஷம் போகட்டும், அதில் நாயகன் தொடர் கொலைகாரன்.