அந்தப் படத்தில் இருப்பவர் சிப்பாய் அல்ல

அமெரிக்க உள்நாட்டுப் போரில், அடிமைமுறையைக் காக்கப் பிரிந்துபோன தென்மாநிலங்களின் படைக்காக ஆயிரக்கணக்கான கறுப்பினச் சிப்பாய்கள் விரும்பிப் போரிட்டார்கள் என்று ஒரு கட்டுரை சொல்கிறது. அது தவறு. அதில் ஆதாரமாகப் போட்டிருக்கும் படத்தையே பாருங்கள். அது 1861 வாக்கில் மெல்லிய இரும்புத் தகட்டில் எடுத்த படம். தென்மாநிலமான மிசிசிப்பியின் படைவீரர் ஆண்ட்ரூ சாண்ட்லர், பக்கத்தில் சைலஸ். இருவருக்கும் சீருடை, கையில் ஆயுதம். தோழர்கள் என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் சைலஸ் அந்தக் குடும்பத்தின் அடிமை. எஜமான் வீட்டுப் பையனுக்குப் பணிவிடை செய்யப் போர்முனைக்கு அனுப்பப்பட்டவர்.

படத்தை வைத்து முடிவு கட்டக் கூடாது. முதலில் படைப்பிரிவின் ஆள்பதிவேட்டில் பெயர் இருக்கிறதா என்று தேட வேண்டும். அடுத்து, போருக்குப் பின் கொடுத்த ஓய்வூதிய விண்ணப்பம். இங்கேதான் பலரும் சறுக்குகிறார்கள். 'ஓய்வூதியம் வாங்கினார், ஆகவே சிப்பாய்' என்று எழுதிவிடுகிறார்கள். மிசிசிப்பியில் போர்முனையில் பணிவிடை செய்த வேலையாட்களுக்கென்றே தனிப் படிவம் இருந்தது. யாருக்குப் பணிவிடை செய்தீர்கள் என்று அதிலேயே கேள்வி உண்டு. சைலஸ் வாங்கியதும் அந்த வகைதான்.

கறுப்பினத்தவரைச் சிப்பாயாகச் சேர்க்கத் தென்தரப்பு நாடாளுமன்றம் சட்டம் போட்டதே 1865 மார்ச் 13-ல். சரியாக மூன்று வாரத்தில் தலைநகர் ரிச்மண்ட் விழுந்துவிட்டது.

வடதரப்பில் போரிட்ட சுமார் 1,79,000 கறுப்பின வீரர்களைப் பற்றிக் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லை என்பது மனதை வருத்துகிறது. வெள்ளை வீரருக்கு மாதம் 13 டாலர்; இவர்களுக்கு 10, அதிலும் உடுப்புக்கு 3 பிடித்தம். கறுப்பின வீரர்களைக் கொண்ட வடதரப்பின் மாசசூசெட்ஸ் 54-வது படைப்பிரிவு அந்தச் சம்பளத்தை வாங்கவே மறுத்தது.