சைதாப்பேட்டை பஸ் வீடியோவைப் பகிர்ந்தவர்களுக்கு

மூன்று நாளாக எல்லா குரூப்பிலும் அந்த வீடியோதான். பக்கத்து காலி சீட்டைக் காட்டி, "வீட்டம்மாவுக்கு ஒரு மகளிர் டிக்கெட்" என்று கேட்கிறார் அந்தப் பெரியவர். எடுத்தவர் சிரிக்கிற சத்தம்கூடக் கேட்கிறது. கீழே "கீழ்ப்பாக்கம் கேஸ்" என்று வரிசையாக கமென்ட். பக்கத்தில் போய் ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். போனைத்தான் எடுத்தீர்கள்.

இதுவரை இங்கே சொல்லாததைச் சொல்கிறேன். என் மனைவிக்குக் கொள்ளி வைத்தவன் நான்தான். காரியம் முடிந்து பத்து நாள்கூட ஆகவில்லை, தினமும் சாயங்காலம் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு பழவந்தாங்கல் ஸ்டேஷன் வாசலில் போய் நிற்பேன். கையில் அவளுடைய ஹெல்மெட். பட்டையில் அவள் முடி இரண்டு சிக்கியிருக்கும். தாம்பரம் வண்டிகள் ஒவ்வொன்றாகப் போகும். அடுத்ததில் வருவாள். அதில் எனக்குத் துளி சந்தேகம் கிடையாது.

அங்கே கீரை விற்கிற அம்மா ஒருநாளும் சிரிக்கவில்லை. "மணி ஒம்பதாச்சு தம்பி, சாப்பிட்டியா?" என்பார். அதைக் கேட்டுத்தான் வீட்டுக்குத் திரும்புவேன். அப்புறம் மச்சான் டாக்டரிடம் கூட்டிப்போனான். எட்டு மாதம் மாத்திரை. "ஆம்பளை இப்படி இடிஞ்சு போகலாமா" என்ற சொந்தக்காரர்களில் ஒருவர்கூட வீட்டுப் படி ஏறவில்லை. அந்த வலி இன்னும் ஆறவில்லை.

"அவர் மனைவி இறந்தது எங்களுக்கு எப்படித் தெரியும்?" தெரியாவிட்டால் கேட்க வேண்டும். "உதவி கிடைக்கட்டும் என்றுதான் போட்டோம்." அப்படியென்றால் பின்னணியில் காமெடி மியூசிக் எதற்கு? மனநல உதவி எண் 14416-க்கு அழைத்திருக்கலாமே, இலவசம்தான், 24 மணி நேரமும் எடுப்பார்கள். "ஆபத்தானவராக இருந்தால்?" டிக்கெட் கேட்டவரிடம் என்ன ஆபத்து?

1971-இல் வேல்ஸ் நாட்டு டாக்டர் ஒருவர் துணையை இழந்த 293 பேரிடம் பேசியதை வெளியிட்டார். கிட்டத்தட்ட பாதிப் பேர், இறந்தவர் கூடவே இருப்பதுபோல் உணர்ந்ததாகவோ பார்த்ததாகவோ குரல் கேட்டதாகவோ சொன்னார்கள். அவர்களில் பெரும்பாலோர் அதை அதுவரை யாரிடமும் சொன்னதில்லை. ஏன் என்று உங்கள் கமென்ட்டுகளைப் படித்தால் புரிகிறது. கீழ்ப்பாக்கம் 1794-இல் தொடங்கிய மனநல மருத்துவமனை. அங்கே போய்க் குணமானவர்கள் இதையெல்லாம் படிப்பார்கள் என்று ஒருவருக்குமா தோன்றவில்லை?

அந்த வீடியோவின் கீழே "அவர் என் அப்பா, தயவுசெய்து எடுத்துவிடுங்கள்" என்று எழுதிய பெண்ணுக்கு: அம்மா, உங்கள் அப்பா தனியாகப் போகிற நாட்களில் நானும் அதே பஸ்ஸில் வருகிறேன். அந்த சீட்டில் உட்கார மாட்டேன். பின்னால் நின்றுகொள்கிறேன்.